தீர்ந்த வரியும் உங்கள் கறுப்பு மேற்சட்டையும்

உங்கள் கறுப்பு மேற்சட்டையை இன்றைக்கு வெட்டிவிட்டேன். கோபிக்க வேண்டாம். கோபித்தாலும் எனக்கொன்றுமில்லை. அலுமாரியைத் திறந்ததும் அந்தப் பூச்சி உருண்டை மணம் முகத்தில் அடித்தது. மற்ற உடுப்புகளில் ஒரு வெயிலோடு அது போய்விடும். இந்தச் சட்டையில் மட்டும் போகவே இல்லை. வழக்குக்கென்று புத்தளத்தில் தைப்பித்து, வழக்குக்கு மட்டும் போட்ட சட்டை. எடுத்து எறியவும் மனம் வரவில்லை, யாருக்கும் கொடுக்கவும் மனம் வரவில்லை. கொடுத்தால் ஒருவன் அதைப் போட்டுக்கொண்டு என் கண்முன்னால் நடந்து திரிவான். அதைவிட அலுமாரிக்குள்ளேயே நாறட்டும் என்று இவ்வளவு காலமும் விட்டுவைத்திருந்தேன். இன்று விடியுமுன் கத்தரிக்கோலை எடுத்து அதன் கை இரண்டையும் தோளோடு வெட்டி எடுத்தேன். எதற்கு வெட்டினேன் என்று பிறகு சொல்கிறேன்.

நீங்கள் போனபிறகு ஊரில் உங்களைப் பற்றி நல்லதாகவே கதைக்கிறார்கள். செத்தவரைப் பற்றி வேறு எப்படிக் கதைப்பார்கள்? வீட்டுக்கு வருகிறவர்களெல்லாம் "சம்மாட்டியாரைப் போல ஒருத்தர் கிடையாது" என்று சொல்லிவிட்டுக் கோப்பியைக் குடித்துவிட்டுப் போகிறார்கள். நானும் தலையாட்டுகிறேன். அவர்கள் போனபிறகு சுவரில் மாட்டியிருக்கும் உங்கள் படத்தைப் பார்த்து ஏசுகிறேன். உங்களோடு கதைக்க எனக்கு இப்போது இருக்கும் வழி அதுதான். இந்த மடலும் அந்த ஏச்சில் பாதிதான்.

ஏசுவதற்கு முன்னால் நல்லதைச் சொல்கிறேன். நான் குறிஞ்சிப்பிட்டித் தோட்டக்காரி. வெங்காயப் பாத்திக்குத் தண்ணீர் கட்டத் தெரியும், வலை தெரியாது. கலியாணம் முடித்து வந்த புதிதில் விடியக் கடற்கரைக்கு வந்து நிற்பேன். வள்ளம் வலையைக் கொண்டுபோய்க் கடலில் வளைத்து விட்டுவிட்டுத் திரும்பும். வலையின் இரண்டு கயிறும் கரையில் இருக்கும். அந்தப் பக்கம் பதினைந்து இருபது பேர், இந்தப் பக்கம் பதினைந்து இருபது பேர், மணலில் குதிக்காலை ஊன்றி இழுப்பார்கள். நீங்கள் சம்மாட்டி, வலைக்குச் சொந்தக்காரர், நிழலில் கதிரை போட்டு இருக்கலாம். இருக்கமாட்டீர்கள். சாறத்தை மடித்துக் கட்டிக்கொண்டு கயிற்றில் நிற்பீர்கள். வலை எங்கே விழ வேண்டும், எந்தப் பக்கம் மெதுவாக இழுக்க வேண்டும் என்று கைகாட்டும் மண்டாடி சந்தியோகு அண்ணன் உங்களையும் மற்றவர்களைப் போலவே அதட்டுவார். நீங்கள் சிரிப்பீர்கள்.

இழுத்து முடிந்ததும் மீனை மணலில் கொட்டிப் பாதி உங்களுக்கு, பாதி இழுத்தவர்களுக்கு. அவர்கள் பாதியைச் சந்தியோகு அண்ணன் சின்னச் சின்னக் குவியலாகக் கூறு போடுவார். ஒரு நாள் நான் பார்த்தேன், புருசனைக் கடலில் இழந்த மதலேனாள் அக்கா கடைசி நேரத்தில் வந்து கயிற்றை ஒரு கையால் தொட்டபடி பத்து அடி நடந்தார். அவருக்கும் மற்றவர்களைப் போல ஒரு கூறு. "இது என்ன நியாயம்? அவ இழுக்கவே இல்லையே" என்று வீட்டில் உங்களைக் கேட்டேன். நீங்கள் சோற்றைப் பிசைந்துகொண்டே சொன்னீர்கள்: "கயித்துல கை வெச்சா கூறு. எவ்வளவு இழுத்தாய் எண்டு கேக்கிற வழக்கம் இந்தக் கரையில இல்ல, தோட்டக்காரி." எனக்கு அப்போது உங்களைக் கட்டிப்பிடிக்க வேண்டும் போல இருந்தது. அதையும் இங்கே எழுதிவைக்கிறேன், பின்னால் வருவதை வாசித்துவிட்டு இவளுக்கு என்மேல் ஆசையே இருக்கவில்லை என்று நீங்கள் நினைக்கக் கூடாது.

பிறகு வெள்ளைக்காரரின் சண்டைக் காலம் வந்தது. அரிசிக்குக் கூப்பன், மண்ணெண்ணெய்க்கு வரிசை. மீனுக்கு மட்டும் நல்ல விலை. பட்டாளத்துக்குப் போகிற கருவாடு எல்லாம் கற்பிட்டி மரைக்கார் முதலாளி வாங்கி அனுப்பினார். கூறு போட்டபிறகும், கறிக்கு எடுத்தது போக எங்கள் கரை மீன் முழுவதும் உங்கள் பெயரில்தான் அவரிடம் போகும். விற்ற காசை நீங்கள் கொண்டுவந்து இழுத்தவர்களுக்குப் பிரித்துக் கொடுப்பீர்கள். வருமான வரிக் கந்தோருக்கு இந்தப் பிரிப்புக் கதை எப்படித் தெரியும்? மரைக்கார் முதலாளியை விசாரித்தார்கள். எவ்வளவு வாங்கினார் என்று அவர் உள்ளதைச் சொன்னார். அவ்வளவும் உங்கள் வருமானம் என்று போட்டு வரி கேட்டு வந்தது. வலையையும் வள்ளத்தையும் விற்றாலும் அடையாத வரி. மரைக்கார் முதலாளி வீடு தேடி வந்து, "அல்லாவுக்குப் பொதுவா நான் வாங்கினதத்தான் சொன்னன் சம்மாட்டி. பொய் சொல்லச் சொல்றீங்களா?" என்று கேட்டார். நீங்கள் அவர் கையைப் பிடித்து, அவர்மேல் பிழையில்லை என்று அனுப்பிவைத்தீர்கள். நல்ல மனிதராகத்தான் இருந்தீர்கள் அப்போது.

வரிக் கந்தோர் அதிகாரி, மாத்தயா ஒருவர் விசாரிக்க வந்தார். ஞாபகமிருக்கிறதா, மெலிந்த உயரமான சிங்கள மனிதர், காற்சட்டையை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு விடியற்காலை கடற்கரைக்கே வந்துவிட்டார். கந்தோரில் இருந்து முடிவெடுக்காமல் நேரில் பார்க்க வந்த மனிதர். நீங்கள் அவரோடு சிங்களத்தில் கதைத்தீர்கள். அவர் சும்மா நிற்காமல், விளையாட்டுக்கோ என்னவோ, கயிற்றைப் பிடித்து மற்றவர்களோடு இரண்டு இழுவை இழுத்தார். மீன் வந்தது. கூறு போடும்போது சந்தியோகு அண்ணன் அவர் முன்னாலும் ஒரு கூறு வைத்தார். மனிதர் பயந்துபோனார். கையூட்டு என்று நினைத்துக்கொண்டு, வேண்டாம் வேண்டாம் என்று பின்னால் பின்னால் போனார்.

சந்தியோகு அண்ணன் விடவில்லை. "மாத்தயா, இது நாங்க தாறது இல்ல. கயித்துல கை வெச்சீங்க. இது உங்கட."

"சம்மாட்டி தரச் சொன்னதா?"

"சம்மாட்டியாருக்கு இதுல கதையே இல்ல. அவர்ட பாதி அங்க கிடக்கு."

மாத்தயா அந்தக் கூற்றையும் உங்களையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு தனக்குத் தெரிந்த தமிழில், "அப்போ இது சம்மாட்டிட மீன் இல்ல" என்றார். சுற்றி நின்றவர்கள் எல்லாரும் "ஓம்" என்று ஒரே குரலில் சொன்னார்கள். அவர் சிரித்துக்கொண்டு தன் கூற்றை மதலேனாள் அக்காவின் மீன் பெட்டியில் போட்டுவிட்டுப் போனார்.

அதோடு தீர்ந்தது. உங்கள் பாதிக்கு மட்டும் வரி என்று ஒத்துக்கொண்டு கந்தோரும் ஒப்பமிட்டது, நீங்களும் ஒப்பமிட்டீர்கள். அந்தப் பாதிக்கான வரிக்கும் கையில் காசு இல்லை. அதைக் கேள்விப்பட்ட சந்தியோகு அண்ணன் எல்லாரையும் கூட்டிக்கொண்டு வாசலில் வந்து நின்றார். "இந்தக் கிழமை எங்கட கூறையும் சேத்து வித்துக் கட்டுங்க. வலை போனா நாங்களும் போனம்" என்றார். ஒரு கிழமை அவர்கள் வீட்டு அடுப்பில் மீன் வேகவில்லை. மதலேனாள் அக்காவும் கூறு எடுக்கவில்லை. வரி கட்டிவிட்டு வந்த அன்று நீங்கள் அறைக்குள் போய் அழுதீர்கள். நான் பார்க்காதமாதிரி முற்றம் கூட்டினேன்.

இந்த இடத்தில் கதை முடிந்திருக்க வேண்டும். முடிந்துதான் இருந்தது. முடிந்ததை எடுத்துக் கிளறினீர்களே.

வழக்குப் பேசும் அந்தப் பிரக்கிராசியை எங்கே பிடித்தீர்களோ தெரியாது. அவர் உங்களைப் பிடித்தார் என்று சொல்வதுதான் சரி. புத்தளத்தில் ஒரு கடையில் கண்டு, உங்கள் வரிக் கதையைக் கேட்டு, "ஐயையோ முதலாளி, உங்கள ஏமாத்திட்டாங்களே" என்றாராம். சம்மாட்டி என்று கூப்பிட்டுப் பழகின காதுக்கு முதலாளி என்பது இனித்துவிட்டது. அடுத்த ஞாயிறு அவரைச் சாப்பாட்டுக்குக் கூட்டிவந்தீர்கள். நண்டுக் குழம்பு கேட்டாராம். நானும் வைத்தேன். சட்டம் படித்த அந்த மனிதர் நண்டோட்டை உறிஞ்சி உறிஞ்சி மேசைவிரிப்பில் துப்பினார். கை கழுவ எழும்பிப் போனவர், கழுவாமலே எங்கள் சன்னல் சீலையில் துடைத்தார். அந்தச் சீலையைப் பிறகு நான் அடுப்புக்குள் போட்டேன். உங்களுக்கு இதுவெல்லாம் கண்ணில் படவில்லை. அவர் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள்.

"பாதிக்கும் நீங்க கட்டத் தேவையில்ல முதலாளி. வலை உங்கட இல்ல, இழுக்கிற எல்லாரும் கூட்டு எண்டு சொல்லுவம். அப்ப ஆளுக்கு வாறது சொற்பம். சொற்பத்துக்கு வரி இல்ல. கட்டினது முழுக்கத் திரும்பி வரும்."

"ஒத்துக்கொண்டு ஒப்பம் வெச்சாச்சே" என்று நான் அடுக்களை வாசலில் நின்று கேட்டேன்.

அவர் என்னைப் பார்க்கவே இல்லை. பல்லைக் குத்திக்கொண்டு உங்களிடம் சொன்னார்: "ஒப்பம் எண்டா என்ன, கல்லுல வெட்டின எழுத்தா? அத உடைக்கத்தானே நாங்க படிச்சிருக்கம்."

அன்று இரவு உங்களிடம் மன்றாடினேன். மாத்தயா நேரில் வந்து பார்த்து, நியாயமாகத் தீர்த்துவிட்டுப் போன காரியம். அவருக்கு நாம் செய்யும் மரியாதை இதுவா என்றேன். நீங்கள் சொன்ன பதில் இன்னும் காதில் இருக்கிறது. "திரும்பி வந்தா அவங்கட ஒரு கிழமைக் கூறையும் திருப்பிக் குடுக்கலாம்தானே." பேராசையைக்கூடப் புண்ணியமாக உடுத்திக் காட்டினீர்கள். அவர்கள் யாரும் அதைத் திருப்பிக் கேட்கவில்லை. நீங்களாகவே ஒரு கிழமை உங்கள் பாதியை விட்டுக் கொடுத்திருந்தால் அந்தக் கடன் தீர்ந்திருக்கும். அது உங்களுக்குத் தோன்றவில்லை. எனக்குத் தோன்றியது, சொன்னேன், "நீ சும்மா இரு" என்றீர்கள்.

பிறகு இந்தச் சட்டையைத் தைப்பித்து, வழக்கு நாள் வரும்வரை பூச்சி உருண்டை போட்டு அலுமாரியில் வைத்தீர்கள்.

வழக்குக்கு அவர்கள் எல்லாரும் வந்தார்கள். வலை எல்லாருக்கும் பொது என்று சம்மாட்டியார் தாமாகவே சொல்லப்போகிறார் என்று கேட்டால் யார்தான் வரமாட்டார்கள்? தோய்த்து உலர்த்திய சட்டைகளைப் போட்டுக்கொண்டு, தலைக்கு எண்ணெய் வைத்து, ஒரே தோணியில் பாய் விரித்துக் களப்பைக் கடந்து புத்தளத்துக்கு வந்தோம். வரவேண்டாம் என்று நீங்கள் தடுத்தும் நானும் மதலேனாள் அக்காவும் ஏறிக்கொண்டோம். தோணியில் ஒரே சிரிப்பு. "இனி நாங்களும் சம்மாட்டிமார்தான், அக்காவும் சம்மாட்டி" என்று மதலேனாள் அக்காவைப் பகிடி பண்ணினார்கள். அவர் வெட்கப்பட்டு முந்தானையால் வாயை மூடிக்கொண்டார்.

நீதிமன்ற விறாந்தையை என்னால் மறக்க முடியாது. சுவரெல்லாம் வெற்றிலைத் துப்பல். வழக்குக்காரரைப் பிடித்து இழுக்கும் தரகர்கள், மீன் சந்தையில் காகம் சுற்றுவதுபோல. நம்முடைய பிரக்கிராசி நடுவில் நின்று உங்கள் தோளைத் தட்டினார். நீங்கள் அந்தச் சட்டைக்குள் வியர்த்துக்கொண்டு நின்றீர்கள். பூச்சி உருண்டையும் வியர்வையும் கலந்த அந்த மணம் உள்ளே போய்க் கடைசி வாங்கில் உட்கார்ந்த எனக்கும் வந்தது.

உங்களைக் கூண்டில் ஏற்றினார்கள். அரசாங்கத்துக்காக வாதாடின அப்புக்காத்து இங்கிலீசில் கேட்டார், மொழிபெயர்ப்பு முதலியார் தமிழில் சொன்னார். அன்றைக்கு நம் கரைக்கு வந்த வரி மாத்தயாவும் முன்வரிசையில் இருந்தார்.

"வலை ஆருடையது?"

"எல்லாருடையதும்."

"வள்ளம்?"

"அதுவும் எல்லாருடையதும்தான்."

பின்னால் நம்மவர்கள் இருந்த வாங்குகளில் ஒரு அசைவு ஓடியது. யாரோ மூச்சை இழுத்துவிட்டார்கள். அப்புக்காத்து ஏதோ கடதாசியைப் பார்த்துவிட்டு, மெதுவாக அடுத்த கேள்வியைக் கேட்டார். முதலியார் அதைச் சொன்னபோது அவருடைய குரலும் மெதுவாகத்தான் இருந்தது.

"அப்படியெண்டா, நாளைக்கு இந்த ஆக்கள் வந்து, வலையையும் வள்ளத்தையும் வித்து எங்கட பங்கைப் பிரிச்சுத் தாரும் எண்டு கேட்டா, குடுப்பீரா?"

நீங்கள் பின்னால் திரும்பிப் பார்த்தீர்கள். அவர்களைப் பார்த்தீர்கள் என்றா நினைக்கிறீர்கள்? இல்லை. நான் உங்கள் கண்ணைப் பார்த்தேன். அவர்கள் ஒவ்வொருவர் கையிலும் உங்கள் வலையின் ஒவ்வொரு துண்டு இருப்பதைப் போலப் பார்த்தீர்கள்.

"அது எப்படி?" என்றீர்கள். "வலை என்ட."

"அப்ப இவங்கள் ஆர்?"

"கூலி ஆக்கள்."

"அவங்களுக்குப் பாதி மீன் குடுக்கிறது?"

"நான் மனசு வெச்சுக் குடுக்கிறது. குடுக்காட்டி ஒருத்தரும் கேக்கேலாது."

வரி மாத்தயா தலையைக் குனிந்துகொண்டார். கயிற்றைப் பிடித்துக் கூறு வாங்கிய மனிதர் அவர். அவருடைய வெட்கத்தைக் கண்டபோதுதான் எனக்கு உங்கள் மேல் முதன்முதலாக அருவருப்பு வந்தது. கோபம் அதற்கு முன்னாலும் வந்திருக்கிறது, அது எல்லா வீட்டிலும் வரும். இது வேறு. என் புருசனை நான் தொடக் கூசுவேன் என்று நினைத்துப் பார்த்ததில்லை.

இவ்வளவும் ஆனபிறகு நீதவான் வரிக் கந்தோரின் ஒப்பந்தக் கடதாசியைக் கேட்டு வாங்கிப் பார்த்தார். இரண்டு மூன்று சொல் சொன்னார். முதலியார் அதைத் தமிழில் சொன்னார்: "ரெண்டு பக்கமும் ஒத்துக்கொண்டு ஒப்பம் வெச்சுத் தீந்த காரியம். நீரும் கிளறேலாது, அரசாங்கமும் கிளறேலாது. வழக்குத் தள்ளுபடி. செலவும் நீர்தான் கட்ட வேணும்."

அவ்வளவுதான். வலை யாருடையது என்ற கேள்விக்கே அங்கே வேலையிருக்கவில்லை. அந்தக் கடதாசியை முதலிலேயே பார்த்திருந்தால் உங்களைக் கூண்டில் ஏற்றியிருக்கவே மாட்டார்கள், அந்தச் சொல் உங்கள் வாயிலிருந்து வந்திருக்காது. நீதவானுக்கு அது ஒரு நாள் வேலை. எங்களுக்கு அதோடு எல்லாம் போயிற்று. வெளியே வந்ததும் பிரக்கிராசி, "கவலைப்படாதீங்க முதலாளி, கொழும்பில மேல்வழக்குப் போடுவம்" என்று சொல்லி, உடனேயே தன் காசைக் கேட்டார். கேட்கும்போதும் பல்லைக் குத்திக்கொண்டிருந்தார். என் வாழ்க்கையில் ஒரு மனிதரின் முகத்தில் துப்ப வேண்டும் என்று நினைத்தது அன்றைக்குத்தான். துப்பவில்லை. அந்த விறாந்தையில் துப்பல் ஏற்கெனவே போதுமான அளவு இருந்தது.

அவர்கள் உங்களை விட்டுவிட்டுப் போயிருக்கலாம். போகவில்லை. துறையில் தோணி காத்திருந்தது. சந்தியோகு அண்ணன் நடுவில் உங்களுக்கு இடம் விட்டிருந்தார், வரும்போது நீங்கள் இருந்த அதே இடம். யாரும் உங்களை ஏசவில்லை. பாய் சடசடத்தது. கரைத்தீவுப் பக்கம் வெளிச்சம் மங்கிக்கொண்டு போயிற்று. நீங்கள் ஒரு தடவை தொண்டையைச் செருமினீர்கள். ஏதோ சொல்லப்போகிறீர்கள் என்று எல்லாரும் நிமிர்ந்து பார்த்தோம். "காத்து விழுது" என்றீர்கள். சீ! ஒரு சொல், "மன்னிச்சிருங்கோ" என்ற ஒரே ஒரு சொல்லுக்காக முப்பது பேர் காத்திருந்த தோணியில் காற்றைப் பற்றிச் சொன்னீர்கள்.

ஒவ்வொரு நாளும் பிரியும்போது "விடிய வாறம், சம்மாட்டியார்" என்று சொல்கிறவர்கள், அன்றைக்குத் தோணியை விட்டு இறங்கும்போது ஒருவரும் அதைச் சொல்லவில்லை.

விடிந்ததும் நீங்கள் சங்கை எடுத்துக்கொண்டு கடற்கரைக்குப் போய் ஊதினீர்கள். இழுக்க ஆள் கூப்பிடும் சங்கு. வெயில் ஏறும்வரை ஊதினீர்கள். நான் வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தேன். எல்லா வீட்டிலும் புகை எழும்பியது, ஒருவரும் நம் கரைப் பக்கம் வரவில்லை. கொஞ்ச நேரத்தில் தெற்கே ஆலங்குடாப் பக்கத்துக் கரையிலிருந்து இழுவைப் பாட்டுக் கேட்டது. அங்கே வேறொருவரின் வலையை இழுக்கும் நம்முடைய ஆட்களின் குரல்கள். மதலேனாள் அக்காவின் கீச்சுக் குரலும் அதில் இருந்தது.

"போய்ச் சந்தியோகு அண்ணனிட்ட ஒரு சொல் சொல்லுங்கோ" என்றேன்.

"நான் சம்மாட்டி. அவனிட்டப் போய் நிக்கவா?"

கூலிக்கு ஆள் பிடித்தீர்கள். புத்தளத்துக்கு அப்பால் காட்டுப் பக்கத்திலிருந்து வந்த ஆட்கள். முதல் கேள்வியே கூலி எவ்வளவு என்பதுதான்; முதலில் தந்தால்தான் கயிற்றைத் தொடுவோம் என்றார்கள். நீங்கள் நீதிமன்றத்தில் சொன்ன ஆட்கள் உண்மையாகவே வந்து சேர்ந்துவிட்டார்கள். ஒரு கயிறு முந்தியது, மற்றது பிந்தியது. வலையின் மடி கடலுக்கடியில் கற்பாரில் சிக்கிக் கிழிந்தது, மீன் எல்லாம் திரும்பிக் கடலுக்குள் போயிற்று. நீங்கள் கத்தினீர்கள். அவர்கள் மணலில் குந்திப் பீடி பற்றவைத்தார்கள். அவர்களில் ஒரு பிழையும் இல்லை. கூலிக்காரன் வலை கிழிந்தால் அழுவானா?

வழக்குச் செலவுக்கும் பிரக்கிராசியின் பசிக்கும் வலையையும் வள்ளத்தையும் மரைக்கார் முதலாளிக்கே விற்க வேண்டி வந்தது. அவர் சந்தியோகு அண்ணனிடம் பொறுப்பைக் கொடுத்தார். அடுத்த வாடைக்காற்றுக் காலத்தில் அதே வலை, அதே கரை, அதே ஆட்கள். நீங்கள் மட்டும் தாழை மரத்தின் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தீர்கள். ஒவ்வொரு நாளும் போய் நின்றீர்கள். கயிறு உங்களுக்கு முன்னால், கையை நீட்டினால் தொடும் தூரத்தில்தான் போகும். ஒருவரும் உங்களைத் தள்ளியிருக்கமாட்டார்கள். ஒரு கை வைத்திருந்தால் அது மன்னிப்புக் கேட்டதாகவே ஆகியிருக்கும், வாயைத் திறக்கத் தேவையே இல்லை. வீட்டுக்கு வந்து, "அவங்களுக்கு மடியைத் தூக்கத் தெரியல்ல" என்று குறை சொல்லிக்கொண்டு, நான் காசு கொடுத்து வாங்கிய மீனைச் சாப்பிட்டீர்கள். நான் பரிமாறினேன். பரிமாறின கையைப் பிறகு கழுவினேன். இதை உங்களிடம் சொன்னதில்லை.

சோளகக் காற்றோடு காய்ச்சல் வந்தது. நீங்கள் எழும்பவில்லை.

உங்களை அடக்கம் செய்யும் அன்றைக்குக் காலையில் சந்தியோகு அண்ணனும் மற்றவர்களும் கேட்காமலே வந்தார்கள். வலை ஆட்கள்தான் சம்மாட்டியின் சவப்பெட்டியைத் தூக்குவது எங்கள் கரை வழக்கம். வலை இல்லாத சம்மாட்டிக்கும் அது உண்டா என்று எனக்குத் தெரியவில்லை. கோயிலுக்கும், பிறகு சவக்காலைக்கும் அவர்கள்தான் தூக்கினார்கள். மண் போட்டு முடிந்ததும், சிலாபத்திலிருந்து வந்த என் தம்பி, தூக்கினவர்களுக்குக் கொடுப்பதற்காகக் காசை எடுத்து நீட்டினான். அவனுக்கு இந்தக் கதை ஒன்றும் தெரியாது.

சந்தியோகு அண்ணன் கையிலிருந்த மண்ணைத் தட்டிவிட்டு, "வைங்க தம்பி. நாங்க கூலிக்குத் தூக்கல்ல" என்றார்.

அவர் கோபமாகச் சொல்லவில்லை. அதுதான் என்னைக் கொன்றது. நீங்கள் கேட்டிருக்க வேண்டும். கேட்கவேண்டிய எதையும் கேட்காமல் போகிறதுதானே உங்கள் வழக்கம்.

நாற்பது நாள் கழிந்து, சிலாபத்தில் கலியாணம் முடித்துக் கொடுத்த நம் மகள் தன்னோடு வரச்சொன்னாள், போகவில்லை. ஒரு விடியலில் சங்குச் சத்தம் கேட்டது. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு இறங்கிப் போனேன். யாரையும் பார்க்கவில்லை. கயிற்றின் கடைசியில் போய் நின்று பிடித்தேன். எனக்கு முன்னால் நின்ற மதலேனாள் அக்கா திரும்பிப் பார்த்தார். கொஞ்சம் முன்னால் நகர்ந்து எனக்கு இடம் விட்டார். கூறு போடும்போது நான் எழும்பி நடக்கப் பார்த்தேன். "தங்கச்சி, எங்க போறாய்? உன்ட கூறு கிடக்கு" என்றார் சந்தியோகு அண்ணன். முந்தானையில் ஏந்திக்கொண்டு வந்து ஆக்கித் தின்றேன். எவ்வளவோ நாளுக்குப் பிறகு எனக்கு மீன் குமட்டவில்லை.

அன்று தொடங்கி ஒவ்வொரு நாளும் போகிறேன். தோட்டக்காரியின் கை கடற்கயிற்றுக்குப் பழகவில்லை, உள்ளங்கை பொத்துப்போயிற்று. மற்றவர்கள் கிழிந்த சாறத்தைச் சுற்றிக்கொண்டு இழுக்கிறார்கள். என்னிடம் தடித்த துணி எது என்று யோசித்தேன். அலுமாரியைத் திறந்தேன். உங்கள் மேற்சட்டைக் கையைப்போல நல்ல தடித்த துணி இந்த ஊரிலேயே கிடையாது. எதற்கு வெட்டினேன் என்று இப்போது தெரிந்ததா?

இன்று விடிய அந்தக் கறுப்புத் துணியை இரண்டு கையிலும் சுற்றிக்கொண்டு கயிற்றைப் பிடித்தேன். கடல்தண்ணீர் பட்டதும் பூச்சி உருண்டை மணம் கொஞ்சம் கொஞ்சமாகப் போயிற்று. அது எதன் துணி என்று எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. அந்தச் சட்டையை மறந்தவர் அந்தக் கரையில் யாரும் இல்லை. மீன் கொட்டி, சந்தியோகு அண்ணன் கூறு போட்டுக்கொண்டு வந்தார். என் முன்னால் ஒன்று வைத்தார். கொஞ்சம் நின்று என் கையைப் பார்த்தார். பிறகு அதன் பக்கத்தில் இன்னொன்று வைத்தார்.

"இது ஆருக்கு அண்ணே?" என்றேன்.

"சம்மாட்டியார்ட கையும் கயித்துல இருந்துது தானே" என்றார்.

எல்லாரும் சிரித்தார்கள். எனக்கு அழுகை வந்தது, சிரிப்பும் வந்தது, உங்கள்மேல் இருந்த அருவருப்பும் போகாமல் அப்படியே கூட நின்றது. உங்கள் கூற்றை மதலேனாள் அக்காவின் பெட்டியில் போட்டுவிட்டு, என்னுடையதை மட்டும் வீட்டுக்குக் கொண்டுவந்தேன். நாளைக்கும் அந்தத் துணியோடுதான் போவேன். நீங்கள் உயிரோடு வைக்காத கையை இனி ஒவ்வொரு நாளும் நான் கொண்டுபோய் வைக்கவேண்டியிருக்கிறது.